வசனப் பேப்பர் யார் கையில்?

போன மாதம் அம்பத்தூரில் ஒரு தியேட்டருக்குப் போனோம். நான், சித்தி, சித்தி மகன், அவனுடைய எஸ்டேட் நண்பர்கள் நான்கு பேர். படம் நல்ல படமா, கெட்ட படமா என்பது இங்கே பேச்சில்லை. இடைவேளைக்குப் பிறகு ஒரு காட்சியில் தம்பி வருகிறான். அதற்காகத்தான் போனோம்.

காட்சி இதுதான். நாயகனும் அவன் நண்பனும் வழி தேடி ஒரு சந்துக்குள் வருகிறார்கள். சுவரில் சாய்ந்து நிற்கிற தம்பி திரும்பிப் பார்த்துப் பல்லைக் காட்டிச் சிரிக்கிறான். நாயகனின் நண்பன் மூக்கைப் பொத்திக்கொண்டு, பையிலிருந்து சென்ட் பாட்டிலை எடுத்து அவன் மேல் அடிக்கிறான். "இன்னாடா, பட்டப்பகல்ல கரண்ட் போயிடுச்சு?" என்று அவன் நிறத்தைப் பார்த்துக் கேட்கிறான். பன்னிரண்டு, பதிமூன்று நொடி இருக்கும். முடிந்தது.

தியேட்டர் சிரித்தது. நண்பர்கள் எழுந்து நின்று விசிலடித்தார்கள். தம்பியும் சிரித்தான். சித்தியும் சிரித்தார். ஆனால் எல்லோரும் சிரித்து ஒரு நொடி கழித்துத்தான் சிரித்தார். பிறகு படம் முடிகிற வரை மடியில் இருந்த பாப்கார்ன் டப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வெளியே வந்து ஆட்டோவுக்கு நிற்கும்போது கேட்டார்: "ஏண்டா, உனுக்கு ஒரு வார்த்தகூட பேச குடுக்கலியா?"

அந்தக் கேள்வியிலிருந்துதான் இதை எழுதுகிறேன்.

தம்பி ஆவடிக்காரன். எங்கள் காலனிக்காரன். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு சின்ன கம்பெனியில் சிஎன்சி மெஷின் ஓட்டுகிறான். ஆறு வருடமாக கான்ட்ராக்ட். நான் அதே எஸ்டேட்டில் வேறொரு இடத்தில் கணக்கு எழுதுகிறேன். ஷிஃப்ட் முடிந்து பட்டரவாக்கம் ஸ்டேஷனில் ரயிலுக்கு நிற்கிற நேரத்தில் அவன் வீடியோ எடுக்க ஆரம்பித்தான். போனைப் பிடிக்கிற ஆள் பெரும்பாலும் நான்தான். சூப்பர்வைசராக அவனே வருவான், எச்ஆராக அவனே வருவான், கான்ட்ராக்ட் ஆளாகவும் அவனே வருவான். ஆயுத பூஜைக்கு பர்மனென்ட் ஆளுக்கு ஒரு கிலோ ஸ்வீட், கான்ட்ராக்ட் ஆளுக்குக் கால் கிலோ; அந்தக் கால் கிலோவைத் தராசில் வைத்துப் பார்க்கிற வீடியோவை எஸ்டேட்டே பகிர்ந்தது.

அவன் செய்ததிலேயே சிறந்தது வாடகை வீடு வீடியோ. வீடு பார்க்கப் போகிற பையனிடம் ஹவுஸ் ஓனர் பேசுகிறார்.

"தம்பிக்கு சொந்த ஊரு?"

"ஆவடி சார்."

"அதில்ல, பூர்வீகம்?"

"ஆவடிதான் சார்."

"ஆவடில எந்தப் பக்கம்?"

"ஸ்டேஷனுக்கு அந்தப் பக்கம் சார்."

"நான்-வெஜ் சாப்புடுவீங்களா?"

"சாப்புடுவோம் சார். நீங்க?"

"நாங்களும் சாப்புடுவோம். அதில்ல... என்ன நான்-வெஜ்?"

கடைசியில் ஓனர் சொல்வார்: "நாங்க ஜாதியெல்லாம் பாக்கறதில்ல தம்பி. வீடு நேத்தே போயிடுச்சி." தம்பி தலையாட்டிவிட்டு வெளியே வருவான். அவன் தலைக்கு மேலே 'வீடு வாடகைக்கு' பலகை ஆடிக்கொண்டிருக்கும். அத்தோடு வீடியோ முடிந்துவிடும்.

சாதி கேட்டு வீடு கிடைக்காமல் திரும்பிய எங்கள் குடும்பமே அந்த வீடியோவைப் பார்த்து வயிறு வலிக்கச் சிரித்தது. ஏனென்றால் அதில் கேலிக்கு ஆளானவர் ஓனர். சாதியை நேராகக் கேட்கவும் வெட்கம், கேட்காமல் விடவும் மனமில்லை. அந்த இழுபறிதான் நகைச்சுவை. ஒரு நிமிடத்தில் அவன் செய்ததை நான் பத்துப் பக்கம் எழுதினாலும் செய்ய முடியாது.

அந்த வீடியோவைப் பார்த்துத்தான் சினிமாவிலிருந்து அழைப்பு வந்தது. போனில் பேசிய உதவி இயக்குநர் அந்த வீடியோவையே குறிப்பிட்டுச் சொன்னார்: "உங்க ஸ்லாங் செமயா இருக்கு ப்ரோ." பூந்தமல்லி தாண்டி ஒரு வாடகைக் குடோனில் செட். ஒரு நாள் வேலை, இரண்டாயிரம் ரூபாய். போன பிறகு ஸ்லாங்கும் தேவைப்படவில்லை. பல்லும் நிறமும் போதுமானதாக இருந்தது.

இப்போது இரண்டாவது அழைப்பு வந்திருக்கிறது. வேறு படம், மூன்று நாள் வேலை. "போலாமாக்கா?" என்று கேட்கிறான். இந்தக் கேள்விக்கு அவசரப்பட்டு பதில் சொல்லக்கூடாது என்று தோன்றியது. ஏனென்றால் இது அவன் ஒருவனுடைய கேள்வி இல்லை. போனில் நம்மைச் சிரிக்க வைத்து, சினிமா வாசலில் போய் நிற்கிற எல்லோருடைய கேள்வி.

யூடியூப்பும் ரீல்ஸும் வந்த பிறகு சினிமாவின் கதவு எல்லோருக்கும் திறந்துவிட்டது என்று ஒரு பேச்சு இருக்கிறது. அதில் பாதி உண்மை. முன்பெல்லாம் கோடம்பாக்கத்தில் வருடக்கணக்கில் அலைய வேண்டும். பிறகு டிவி வந்தது. 'லொள்ளு சபா'வில் படங்களைக் கிண்டலடித்துக்கொண்டிருந்த சந்தானம் 2004-ல் 'மன்மதன்' வழியாக உள்ளே போனார். 'கலக்கப் போவது யாரு' மேடையில் நின்ற சிவகார்த்திகேயன் நாயகனானார். டிவியிலும் ஒரு தேர்வு இருந்தது, நடுவர் இருந்தார், தயாரிப்பாளர் இருந்தார். போன் வந்ததும் அந்த நடுவர் போய்விட்டார். பட்டரவாக்கம் பிளாட்பாரத்தில் எடுத்தது நேராக மக்களிடம் போகிறது. இது பெரிய விஷயம். இதை நான் குறைத்துச் சொல்லவில்லை.

ஆனால் போனிலிருந்து சினிமாவுக்குப் போகிற வழியில் ஒரு கதவு இல்லை, இரண்டு கதவுகள் இருக்கின்றன. ஒன்று எழுதுகிறவர்களுக்கு. இன்னொன்று முகத்தை மட்டும் கொண்டு போகிறவர்களுக்கு. எந்தக் கதவு வழியாகப் போகிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

முதல் கதவைப் பார்ப்போம். கோவையின் 'நக்கலைட்ஸ்' குழுவை உங்களில் பலர் வருடக்கணக்கில் பார்த்திருப்பீர்கள். அரசியல் நையாண்டியும் கொங்கு வீட்டுத் திண்ணைப் பேச்சும்தான் அவர்கள் அடையாளம். அந்தக் குழுவின் பிரசன்னா பாலச்சந்திரன், நீலம் தயாரிப்பில் 2022-ல் வந்த 'சேத்துமான்' படத்தில் நடித்தார். பன்றிக்கறியையும் அதைச் சுற்றியுள்ள சாதியையும் பேசிய படம். பிறகு 2025 ஜனவரியில் 'குடும்பஸ்தன்' வந்தது. இயக்கியது அதே குழுவைச் சேர்ந்த ராஜேஷ்வர் காளிசாமி. எழுத்தில் பிரசன்னாவும் இருந்தார். அந்த வெகுஜன நகைச்சுவைப் படம் ஒரு சாதி மறுப்புத் திருமணத்தில்தான் தொடங்குகிறது. மருமகளின் சாதியை விழுங்கவும் முடியாமல் துப்பவும் முடியாமல் திண்டாடுகிற மாமியார்தான் அங்கே சிரிப்புக்கு ஆளாகிறார். மருமகள் இல்லை.

எனக்கு அந்தப் படத்தின் மேல் குறையும் உண்டு. போகப் போகக் கடனும் வேலையில்லாமையும் கதையைப் பிடித்துக்கொள்கின்றன. சாதி பின்னால் போய் உட்கார்ந்துவிடுகிறது. வீட்டுக்குள் வந்த பெண் தினம் தினம் என்ன கேட்டிருப்பாள் என்பதை இன்னும் பேசியிருக்கலாம். ஆனாலும் இதைக் கவனியுங்கள்: அவர்கள் தனி முகங்களாகப் போகவில்லை. பேனாவோடு, குழுவாகப் போனார்கள். அதனால் யாரைப் பார்த்துச் சிரிப்பது என்பதை அவர்களே முடிவு செய்ய முடிந்தது.

'பரிதாபங்கள்' கோபியும் சுதாகரும் அடுத்த உதாரணம். சுதாகர் 2019-ல் 'உறியடி 2' படத்தில் நடித்தார். பிறகு இருவரும் ரசிகர்களிடமே பணம் திரட்டிப் படம் எடுப்பதாக அறிவித்தார்கள். அது வருடக்கணக்கில் இழுத்தது, கிண்டலும் வாங்கினார்கள். ஆனால் 2025 ஜூலை 27 அன்று பாளையங்கோட்டையில் கவின் செல்வகணேஷ் ஆணவப் படுகொலை செய்யப்பட்ட சில நாட்களில் அவர்கள் 'சொசைட்டி பாவங்கள்' வீடியோவை வெளியிட்டார்கள். பிள்ளைகளுக்குச் சாதிப் பெருமையை ஊட்டி வளர்க்கிற சுற்றத்தைக் கிண்டல் செய்த வீடியோ. அதற்காக அவர்கள் மேல் காவல் துறையில் புகார் போனது. அந்த வாரம் எத்தனை பெரிய நட்சத்திரங்கள் வாயைத் திறக்கவில்லை என்பது நமக்குத் தெரியும். இரண்டு காமெடியன்கள் திறந்தார்கள். எப்படித் திறக்க முடிந்தது? அவர்கள் வாய்க்கு வசனம் எழுதுவது அவர்களே என்பதால்.

சினிமாவுக்கு இது புதிதும் இல்லை. என்.எஸ். கிருஷ்ணன் தனக்கென்று ஒரு குழுவை வைத்துக்கொண்டு நகைச்சுவைப் பகுதியைத் தானே அமைத்துக் கொடுத்தார். படம் யாருடையதாக இருந்தாலும் அந்தப் பகுதி அவருடையது. அதனால்தான் அன்றைய புராண, ராஜா ராணிப் படங்களுக்குள்ளேயும் மூடநம்பிக்கையைச் சீண்ட அவரால் முடிந்தது.

இனி இரண்டாவது கதவு. பிஜிலி ரமேஷை நினைவிருக்கிறதா?

2018-ல் 'பிளாக் ஷீப்' குழுவின் பிராங்க் வீடியோ ஒன்றில் தெருவில் மாட்டிய மனிதர் அவர். சென்னைக்காரர். ரஜினி ரசிகர். அவருடைய பேச்சும் ஸ்டைலும் சில நாட்களில் தமிழ்நாடு முழுக்கச் சுற்றின. மீம் ஆனார். ஸ்டிக்கர் ஆனார். என் போனிலும் அந்த ஸ்டிக்கர் இருந்தது. பிறகு படங்களுக்கு அழைத்தார்கள். 'நட்பே துணை', 'ஆடை' என்று சில படங்களில் வந்தார். வீடியோவில் எந்த மனிதரைப் பார்த்துச் சிரித்தோமோ, சினிமாவும் அதே மனிதரைத்தான் கேட்டது. அவர் வேறு எதையாவது செய்து காட்டுவாரா என்று யாரும் காத்திருக்கவில்லை. மீம் பழசானதும் வாய்ப்பும் பழசானது. 2024 ஆகஸ்டில் கல்லீரல் நோயில் இறந்துபோனார். வயது 46. கடைசி நாட்களின் பேட்டிகளில், குடிக்காதீர்கள் என்று மற்றவர்களைக் கேட்டுக்கொண்டார். அதை மட்டும் யாரும் ஸ்டிக்கர் ஆக்கவில்லை.

அவருடைய சாவுக்கு யாரையும் குற்றம் சொல்ல நான் வரவில்லை. ஆனால் ஒரு கணக்கைப் பார்க்க வேண்டியிருக்கிறது. அந்த பிராங்க் நிகழ்ச்சியை நடத்திய விஜே சித்து தனக்கென்று ஒரு சேனல் தொடங்கினார், 2025-ல் 'டிராகன்' படத்தில் நகைச்சுவையில் கலக்கினார், அடுத்து இயக்குநர் ஆகிறார். வளரட்டும், அவர் திறமை அவருக்கு. ஒரே வீடியோவில் இரண்டு பேர் இருந்தார்கள். மைக்கைப் பிடித்தவர் ஒரு கதவு வழியாகப் போனார். மைக்கில் மாட்டியவர் இன்னொரு கதவு வழியாகப் போனார். இதற்கு ஒருவருடைய நல்ல மனதோ கெட்ட மனதோ காரணம் இல்லை. யார் கையில் மைக் இருந்தது, அந்த மைக் வாங்கக் காசும் படிப்பும் பழக்கமும் யாரிடம் இருந்தன என்பதுதான் காரணம்.

உடன்குடி ஜி.பி. முத்துவுக்கும் இதில் பாதி நடந்தது. டிக்டாக்கில் அவர் ராஜா. தனக்கு வந்த கடிதங்களைப் படித்து, திட்டி, சிரிக்க வைத்தது அவருடைய சொந்தச் சரக்கு. 2020 ஜூனில் டிக்டாக் தடையானபோது, எழுதப் பழகாத ஆனால் பேசத் தெரிந்த எத்தனையோ ஏழைக் கலைஞர்களின் மேடை ஒரே இரவில் போனது. அவர் யூடியூப்பில் தாக்குப்பிடித்தார். 2022-ல் பிக் பாஸ் வீட்டுக்குள் போய், மகனைப் பார்க்க வேண்டும் என்று தானாகவே கிளம்பி வந்தார். அதே வருடம் 'ஓ மை கோஸ்ட்' படத்தில் நடித்தார். அவருடைய போனில் அவர் எழுப்பிய சிரிப்பில் பத்தில் ஒரு பங்கைக்கூடப் பெரிய திரையில் நான் பார்க்கவில்லை. ஆளைக் கூப்பிட்டார்கள், அவர் மூளையைக் கூப்பிடவில்லை.

அந்த பிக் பாஸ் வீடு இருப்பது எங்கள் பக்கம்தான். பூந்தமல்லியிலிருந்து பெங்களூரு நெடுஞ்சாலையில் போனால் செம்பரம்பாக்கத்தில் ஈவிபி ஃபிலிம் சிட்டி. 2017-ல் முதல் பருவத்தில் ஒரு போட்டியாளர் இன்னொருவரின் நடத்தையைத் திட்ட 'சேரி பிகேவியர்' என்று சொன்னது அந்த வீட்டுக்குள்தான். எதிர்ப்பு வந்தது, சர்ச்சை ஆனது, ஓய்ந்தது. ஆவடி, திருநின்றவூர், பூந்தமல்லி சேரிகளில் இருந்து செட் வேலைக்கும் சமையலுக்கும் காவலுக்கும் துணை நடிப்புக்கும் ஆள் போகிற பகுதி இது. நாங்கள் ஆணி அடித்த செட்டுகளில் நின்றுகொண்டு எங்கள் தெருப் பெயரை வசவாகச் சொல்கிறார்கள். 2023-ல் இன்னொரு திரைப் பிரபலம் 'சேரி மொழி' என்று எழுதியபோதும் இதே கதைதான். அவர்கள் வாய் தவறிச் சொல்லவில்லை. பல வருடத் தமிழ் சினிமா காமெடி அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்ததைத் திருப்பிச் சொன்னார்கள், அவ்வளவுதான்.

ஆன்லைன் காமெடியும் இதில் சுத்தமில்லை. 'புள்ளிங்கோ' என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். கானா பாடுகிற பையன்கள் தங்களைத் தாங்களே பெருமையாகச் சொல்லிக்கொண்ட சொல் அது. தலைமுடிக்குக் கலர், டைட் பேன்ட், கூட்டமாகச் சுற்றுவது. கையில் காசில்லாத பதினெட்டு வயதின் கொண்டாட்டம். மீம் பக்கங்களும் யூடியூப் குழுக்களும் அதை எடுத்துத் திருடன், பொம்பளைப் பொறுக்கி, குளிக்காதவன் என்பதற்கான குறியீடாக மாற்றின. சாதிப் பெயரைச் சொன்னால் சட்டம் இருக்கிறது. புள்ளிங்கோ என்று சொன்னால் காமெடி. எந்தத் தெருப் பையனைச் சொல்கிறார்கள் என்று எல்லோருக்கும் தெரியும். என் தம்பி முகத்தில் சென்ட் அடித்தவர்களும் அவனைத் திரைக்கதையில் அப்படித்தான் எழுதியிருந்தார்களாம்: 'புள்ளிங்கோ ஒன்று'. பெயர் இல்லை. எண்தான்.

"அது வெறும் காமெடிதானே, எல்லாத்துலயும் சாதியப் பாக்கறீங்க" என்று சிலர் சொல்வார்கள். அவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். மூக்கைப் பொத்துவது வெறும் காமெடி இல்லை. இந்த நாட்டில் யார் யாரைப் பார்த்து மூக்கைப் பொத்துவார்கள் என்பது ஏற்கெனவே எழுதி வைத்த விஷயம். அண்ணல் அம்பேத்கர் சாதியைப் படிப்படியாக அடுக்கிய சமமின்மை என்றார். மேலே போகப் போக மரியாதை, கீழே வர வர அருவருப்பு. அந்த அருவருப்புக்குத் தத்துவம் எழுதியவர்கள் சிலர்தான். அதைச் சிரிப்பாக்கி, பாப்கார்னோடு சேர்த்து வீடு வீடாகக் கொண்டு சேர்ப்பது காமெடி டிராக்.

"அவங்களே சிரிக்கறாங்களே" என்று இன்னொரு வாதம் வரும். ஆமாம், சிரிக்கிறோம். சித்தியும் சிரித்தார். ஒரு நொடி தாமதமாக. அந்த ஒரு நொடியில் என்ன நடந்தது என்று யாராவது கேட்டிருக்கிறீர்களா? சுற்றி இருக்கிற இருநூறு பேர் சிரிக்கும்போது சிரிக்காமல் இருந்தால், திரையில் இருப்பது தன் மகன் என்று காட்டிக்கொடுத்துவிடும். அதனால் சிரித்தார்.

மூன்றாவது வாதம்தான் கனமானது. "ரெண்டாயிரம் ரூபா சும்மா வருமா? சான்ஸ் வரும்போது போகணும். உள்ள போனாத்தான் மாத்த முடியும்." இதைச் சொன்னது தம்பியேதான். எஸ்டேட்டில் அந்த இரண்டாயிரத்துக்கு அவன் மூன்று ஷிஃப்ட் நிற்க வேண்டும். தன்மானம் பேசி அவன் சோற்றில் நான் கை வைக்க முடியாது. உள்ளே போனால் மாற்ற முடியும் என்பதும் முழுப் பொய் இல்லை. வடிவேலுவைப் பாருங்கள். 1992-ல் 'தேவர் மகன்' படத்தில் இசக்கி. முப்பது வருடம் அடிவாங்கி, அழுது, நம்மைச் சிரிக்க வைத்த உடம்பு. 2023-ல் அந்த இசக்கிதான் மாமன்னன் என்று மாரி செல்வராஜ் மேடையிலேயே சொன்னார். அதே முகம், அதே குரல். தியேட்டரில் ஒருவருக்கும் சிரிப்பு வரவில்லை. யோகி பாபுவைப் பாருங்கள். அவர் முடியையும் முகத்தையும் வைத்து எத்தனை படத்தில் எத்தனை கேலி! அதே யோகி பாபு 2018-ல் 'பரியேறும் பெருமாள்' படத்தில் பரியனின் நண்பனாக, அவன் தோளில் கை போடுகிற மனிதனாக வந்தார். 2021-ல் மடோன் அஸ்வினின் 'மண்டேலா'வில் சொந்தப் பெயர்கூட இல்லாத முடிதிருத்தும் தொழிலாளியாக, ஊரையே நம் கேலிக்கு ஆளாக்கினார்.

உடம்பு மாறவில்லை. எழுதிய கை மாறியது. அவர்கள் உள்ளே போனதால் மட்டும் மாறவில்லை. வேறு கைகள் பேனா பிடித்து உள்ளே வந்ததால் மாறியது. வடிவேலு அதற்கு முப்பது வருடம் காத்திருந்தார். என் தம்பி எத்தனை வருடம் காத்திருக்க வேண்டும்?

இங்கே நம் பக்கத்தையும் பார்த்து ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், தோழர்களே.

கடந்த பத்து வருடத்தில் சாதி எதிர்ப்புப் படங்கள் நமக்குக் கோபத்தைக் கொடுத்தன, கண்ணீரைக் கொடுத்தன, நிமிர்ந்து நடக்கிற நாயகர்களைக் கொடுத்தன. அதற்கு நாம் கடன்பட்டவர்கள். ஆனால் சிரிப்பை நாம் பெரும்பாலும் அவர்களிடமே விட்டுவிட்டோம். காலனியைப் படமெடுத்தால் சாவு, கலவரம், போலீஸ். அதெல்லாம் உண்மைதான். ஆனால் எங்கள் காலனியில் ராத்திரி ஒன்பது மணிக்குத் தண்ணீர்க் குழாயடியில் ஓடுகிற நக்கலை எந்தப் படத்தில் பார்த்தோம்? சாவு வீட்டிலேயே சிரிக்க வைக்கிற பெரியம்மாக்கள் எங்களிடம் இருக்கிறார்கள். கவுன்சிலர் வந்துவிட்டுப் போன ஐந்தாவது நிமிடம் அவரைப் போலவே நடந்து காட்டுகிற எட்டு வயசுப் பொடியன்கள் இருக்கிறார்கள். மேலே இருப்பவனைக் கவனித்துக் கவனித்தே பிழைத்த கூட்டம் நாங்கள். எங்களைவிட நன்றாக அவனைப் போலச் செய்து காட்ட வேறு யாருக்குத் தெரியும்?

கொஞ்சம் தொடங்கியிருக்கிறது. எங்கள் ரயில் தடத்தில் இருக்கிற அரக்கோணத்தை வைத்து 2024-ல் 'ப்ளூ ஸ்டார்' வந்தது. கிரிக்கெட்டும் காதலும் நக்கலுமாகப் பசங்க பசங்களாகவே இருந்தார்கள். அதே வருடம் 'லப்பர் பந்து' சாதியை ஊர் டீமுக்குள் வைத்துக்கொண்டே தியேட்டரைச் சிரிக்க வைத்தது. இன்னும் நிறைய வேண்டும். அதற்கு ஆள் வேண்டும். அந்த ஆட்கள் ஏற்கெனவே போனில் இருக்கிறார்கள். பட்டரவாக்கம் பிளாட்பாரத்தில் இருக்கிறார்கள். அவர்களை நடிக்க மட்டும் கூப்பிடாதீர்கள். எழுதக் கூப்பிடுங்கள். கதை விவாதத்தில் ஒரு நாற்காலி போடுங்கள். பெண்களையும் கூப்பிடுங்கள். போனைப் பிடித்துக்கொண்டிருக்கிற என்னைப் போன்ற அக்காக்கள் கேமராவுக்குப் பின்னால் சொல்கிற வசனங்களில்தான் பாதி வீடியோக்கள் ஓடுகின்றன.

பார்க்கிறவர்களுக்கும் வேலை இருக்கிறது. ஒரு வீடியோவைப் பகிர்வதற்கு முன்னால் ஒரே ஒரு நொடி பாருங்கள்: இதில் இருக்கிறவர் சிரிக்க வைக்கிறாரா, அல்லது அவரை வைத்து வேறு யாரோ சிரிக்கிறார்களா? என் போனிலிருந்து அந்த ஸ்டிக்கரை அழித்தது 2024 ஆகஸ்டில்தான். அதற்கு முன்பே அழித்திருக்க வேண்டும். என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

தம்பிக்கு என்ன சொன்னேன் என்று கேட்பீர்கள். போகாதே என்று சொல்லவில்லை. "வசனப் பேப்பர அனுப்பச் சொல்லு. உன் சீன்ல உனுக்கு என்ன டயலாக்குன்னு கேளு. ஒண்ணுமில்லன்னா, நான் ஒண்ணு எழுதித் தர்றேன் சார், பாருங்கன்னு சொல்லு" என்றேன்.

"அப்டி கேட்டா வேற ஆள வச்சிப்பாங்கக்கா."

"வச்சிப்பாங்க."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். ரயில் அண்ணனூர் தாண்டிவிட்டது. பிறகு போனை எடுத்துப் பேசினான். மரியாதையாகத்தான் கேட்டான். எதிர்ப்பக்கம் சிரிப்பது எனக்கே கேட்டது. "கேட்டுட்டுக் கூப்பிடறோம் ப்ரோ" என்று வைத்துவிட்டார்கள். இதை எழுதுகிற வரை அழைப்பு வரவில்லை. மூன்று நாள் சம்பளம் போனதில் அவனுக்கு வருத்தம் இருக்கிறது. எனக்கும் இருக்கிறது. அது போனால் போகட்டும் என்று எழுதிவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவன் ஒரு வீடியோ எடுத்தான். நான்தான் போனைப் பிடித்தேன். ஒரு டைரக்டர், ஒரு உதவி இயக்குநர், நடிக்க வந்த ஒரு பையன். மூன்று பேருமே அவன்தான். பையன் கேட்கிறான், "சார், என் டயலாக்கு?" டைரக்டர் பேப்பரைப் புரட்டுகிறார், புரட்டுகிறார், புரட்டிக்கொண்டே இருக்கிறார். உதவி இயக்குநர் சென்ட் பாட்டிலோடு காத்திருக்கிறார். பையன் அந்த பாட்டிலை வாங்கி, டைரக்டர் மேல் ஒரு முறை அடித்துவிட்டுச் சொல்கிறான்: "சார், உங்க கதைதான் நாறுது."

எடுத்த வீடியோவைச் சித்தியிடம் காட்டினோம். இந்த முறை எங்களுக்கு முன்னால் சிரித்தவர் அவர்தான்.